இது யாரு?

கனிஷ்கா தண்ணீர் கேட்பதை நிறுத்திக் கொஞ்ச நேரம் ஆகியிருந்தது. அது நல்லதா கெட்டதா என்று செண்பகவல்லிக்கு விளங்கவில்லை. காலையிலிருந்து என்ன ஆட்டம் ஆடியிருக்கிறாள், அழுதாள், காலை உதறினாள், ஊசி குத்தியிருந்த கையோடு எழுந்து உட்காரப் பார்த்தாள், பக்கத்துக் கட்டில் பையனின் தண்ணீர் பாட்டிலைப் பார்த்து எச்சில் விழுங்கினாள், ஐந்து வயசுப் பிள்ளைக்கு என்னென்ன வசவு தெரியுமோ அத்தனையும் சொல்லிப் பெற்றவளை வைதாள். வாய்க்குள் ஒரு மடக்கு போகக்கூடாது, பஞ்சை நனைத்து உதட்டில் ஒற்றலாம், அவ்வளவுதான் என்று ஜெனிட்டா சிஸ்டர் சொல்லிவிட்டுப் போயிருந்தாள். தாகம் என்று கதறுகிற பிள்ளைக்குப் பக்கத்தில் தண்ணீரை வைத்துக்கொண்டு கொடுக்காமல் உட்கார்ந்திருப்பதற்கா ஒருத்தி பத்து மாசம் சுமப்பாள். இப்போது அந்த ரகளை இல்லை. மானிட்டர் சத்தம், எங்கேயோ ஒரு குழந்தையின் சிணுங்கல், ஏ.சி.யின் இரைச்சல், அவ்வளவுதான். சுவருக்கும் கட்டிலுக்கும் நடுவில் செருகினாற்போல் ஒரு ஸ்டூல், அதில் அவள். முழங்காலை நீட்ட இடமில்லை. வலப்பக்கம் மருந்து சொட்டுகிற மெஷின், இடப்பக்கம் ஒயர்கள், நடுவில் அவளுடைய கட்டைவிரலைப் பிடித்தபடி பிள்ளையின் கை. ஒன்றுக்குப் போகவேண்டும்போல் இருந்தது, அதையும் அடக்கிக்கொண்டிருந்தாள். ஒரு கட்டிலுக்கு ஒரு ஆள்தான், ஒரு பாஸ்தான். அவள் வெளியே போனால் புருஷன் முத்துவேல் உள்ளே வருவான், வந்து பிள்ளையைப் பார்த்ததும் அழுவான். ஆளைப் பார்த்தால் தூண் மாதிரி இருப்பானே தவிர ஒரு ஊசியைப் பார்த்தால் உட்கார்ந்துவிடுவான். அவன் தம்பிமார் மூன்று பேரும் அவனோடு வெளியே வேப்பமரத்தடியில் நிற்கிறார்கள், கடையைப் பூட்டிவிட்டு வந்திருக்கிறார்கள். போகவேண்டாம், இங்கேயே இருக்கலாம், விரலை எடுத்தால் முழித்துக்கொள்வாள். முழித்துக்கொண்டால்தான் என்ன, முழிக்கட்டும். ஐயோ, முழிக்கட்டும். தூக்கம் வேறு, மயக்கம் வேறு என்று டாக்டர் சொன்னாரே, இது இரண்டில் எது?

டாக்டர் வஹிதா சின்ன வயசுக்காரர்தான், ஆனால் ஒளித்து மறைத்துப் பேசுகிற ஆள் இல்லை. உங்க பிள்ளைக்குச் சர்க்கரை வியாதி என்று சொல்லிவிட்டு, செண்பகவல்லி அதை விழுங்கி முடிக்கும்வரை காத்திருந்தார். பிறகு, இன்சுலின் இல்லாமல் போனதால் ரத்தத்தில் அமிலம் ஏறிவிட்டது, அதைச் சரிசெய்துவிடலாம், சரியாகிக்கொண்டுதான் வருகிறது, ஆனால் சரியாகிக்கொண்டு வரும்போதே இன்னொரு ஆபத்து இருக்கிறது என்றார். மூளை வீங்கலாம். எல்லாருக்கும் வராது, நூறு பிள்ளைகளில் ஒன்றுக்கு வரலாம், வந்தால் லேசில் விடாது. அதைக் கேட்டதும் செண்பகவல்லிக்கு மூடிபோட்ட டப்பாவுக்குள் சுண்டலுக்கு ஊறப்போட்ட கடலைதான் ஞாபகத்துக்கு வந்தது, கடலைக்கு ஊறிப் பெருக இடம் வேண்டும், டப்பா கொடுக்காது. எந்தப் பிள்ளைக்கு வரும் என்று கேட்டாள். டாக்டர் சொன்னார். ரொம்பச் சின்ன வயசாக இருந்தால், சர்க்கரை இருப்பதே முதல் தடவையாகத் தெரிய வந்திருந்தால், நாள்கணக்கில் விட்டுவிட்டு லேட்டாக வந்திருந்தால், அமிலம் ரொம்ப ஏறியிருந்தால், யூரியா கூடியிருந்தால். இதில் எம்பிள்ளைக்கு எது இருக்கிறது என்று கேட்டாள், கேட்டிருக்க வேண்டாம். டாக்டர் கொஞ்சம் தயங்கி, ஏறக்குறைய எல்லாமே இருக்கும்மா, அதனாலதான் இவ்வளவு பக்கத்துல வச்சுப் பார்க்கிறோம் என்றார். அதிலிருந்து அந்த ஐந்தும் மண்டைக்குள் சுற்றிச் சுற்றி வருகின்றன. சின்ன வயசு, முதல் தடவை, லேட்டு, அமிலம், யூரியா. சின்ன வயசுக்கு அவள் என்ன செய்ய முடியும், முதல் தடவைக்கு என்ன செய்ய முடியும். அமிலமும் யூரியாவும் எப்படி இருக்கும் என்றே தெரியாது, புளித்த மாவு மாதிரி ஏதோ ஒன்று என்று நினைத்துக்கொள்கிறாள். லேட்டு மட்டும் அவளுக்குத் தெரியும். ஒவ்வொரு சுற்றிலும் சேலை முள்ளில் மாட்டுகிற மாதிரி அங்கே வந்து மாட்டிக்கொள்கிறது. தலைவலின்னு சொன்னா, மறுபடி வாந்தி எடுத்தா, உளறுனா, ரொம்ப அசந்துபோனா உடனே கூப்பிடுங்க என்று சொல்லிவிட்டு டாக்டர் கிளம்பியவர், திரும்பி வந்து ஒன்று சொன்னார்.

"மெஷின் பாதி சொல்லும், மீதியை நீங்கதான் சொல்லணும். அவ அவளா இல்லைன்னா எங்களுக்கு முன்னாடி உங்களுக்குத் தெரிஞ்சிரும்."

லேட்டானது எப்படி என்று ஊரில் கேட்டால் சிரிப்பார்கள். சிரித்துச் சிரித்துத்தான் லேட்டானது. முத்துவேலும் தம்பிமாரும் மைக்செட் கடை வைத்திருக்கிறார்கள், கோவில் கொடையா, சடங்கா, கட்சிக் கூட்டமா, அந்த வட்டாரத்தில் எங்கே ஒலிபெருக்கி கேட்டாலும் அது இவர்கள் கட்டினதாகத்தான் இருக்கும். அந்த வீட்டில் எல்லாருக்கும் தொண்டை பெரிசு, மெதுவாகப் பேசினால் உடம்பு சரியில்லையா என்று கேட்பார்கள். பங்குனி பிறந்ததிலிருந்து கனிஷ்கா ஓயாமல் தண்ணீர் கேட்க ஆரம்பித்தாள். அண்ணி தண்ணி, அண்ணி தண்ணி. செம்போடு தூக்கிக் குடித்தாள், குடித்துவிட்டு உடனே மறுபடியும் கேட்டாள். அதன் எதுகையைக் கேட்டுக் கடைசிக் கொழுந்தன் இசக்கிராஜுக்கு ஒரே குஷி. புது மைக்கைச் சோதிக்கும்போது பிள்ளையைத் தூக்கி வைத்து, எங்க, சொல்லு பாப்போம் என்றான். அண்ணி தண்ணி என்று அவள் சொன்னது தெரு முழுக்க அலறியது. காய்கறி வண்டிக்காரர்கூட மறுநாள் செண்பகவல்லியைப் பார்த்து, என்ன அண்ணி தண்ணி, கத்தரிக்காய் வேணுமா என்றார். அவளும் சிரித்தாள். வெயில் காலம், பிள்ளை தண்ணீர் குடிக்கிறது, இதில் என்ன இருக்கிறது. ராத்திரி பாயை நனைத்தாள், அவ்வளவு குடித்தால் நனைக்காமல் என்ன செய்வாள். மெலிந்தாள், வளர்த்தி என்றார்கள். கடைசியில் வயிறு வலிக்கிறது என்று வாந்தி எடுத்து, நெஞ்சு மேலும் கீழும் போக மூச்சு வாங்கியபோதுதான் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். பிள்ளையின் வாயருகே பழுத்த கொய்யா வாசம் அடித்தது, அது வியாதியின் வாசம் என்று அப்போது யாருக்குத் தெரியும், அதைக்கூட மோந்து பார்த்துவிட்டு, யார் கொய்யாப்பழம் கொடுத்தது என்று கொழுந்தன்களிடம் சண்டைக்குப் போனாள் செண்பகவல்லி. ஊர் கிளினிக்கில், ஒரு குளுக்கோஸ் பாட்டில் ஏத்துங்க, பிள்ளைக்குத் தெம்பு வரட்டும் என்று அவளேதான் கேட்டாள். நல்லவேளை, அங்கே இருந்த வயசான டாக்டர் முதலில் விரலில் குத்திப் பார்த்தார், குளுக்கோஸ் ஏற்றாமல் உப்புத் தண்ணீர் ஏற்றினார். சொட்டு மெதுவாக விழுகிறதே, கொஞ்சம் வேகமா விடுங்க, ஆம்புலன்ஸ் வந்துரும் என்று கெஞ்சியதும் அவள்தான். இங்கே வந்ததும் டாக்டர் வஹிதாவிடம் அதையும் சொன்னாள். சொட்டை வேகமா விட்டதால மூளை வீங்கும்னு யாரும் சொல்ல முடியாதும்மா, உடம்பு வறண்டு போயிருந்துச்சு, தண்ணி தேவைதான், அதைத் தூக்கித் தலையில வச்சுக்காதீங்க என்றார். தூக்கி வைத்துக்கொள்ளாதே என்றால் கேட்கிற தலையா இது. சின்ன வயசு, முதல் தடவை, லேட்டு.

ஜெனிட்டா சிஸ்டர் வந்தாள். ஒவ்வொரு மணிக்கும் வருகிறாள், விரலில் குத்தி ஒரு சொட்டு ரத்தம் எடுக்கிறாள், கண்ணில் டார்ச் அடிக்கிறாள், நாலு கேள்வி கேட்கிறாள். நல்ல பெண், கை சுத்தம், பேச்சு வெடுக்கென்று இருக்கும். விரலில் குத்தினதற்குக் கனிஷ்கா கையை இழுக்கவில்லை, முகத்தை மட்டும் சுளித்தாள். உன் பேர் என்ன என்றாள் சிஸ்டர். கனிஷ்கா, என்று இழுத்து வந்தது. வெரி குட். செண்பகவல்லியைக் காட்டி, இது யாரு என்றாள். பிள்ளை கண்ணைத் திறந்தாள், கண் அவள் முகத்தில் வந்து நின்றது, கொஞ்ச நேரம் நின்றது.

"அம்மா," என்றாள் கனிஷ்கா.

வெரி குட், கரெக்டா சொல்லிட்டா என்று சிஸ்டர் சார்ட்டில் குறித்தாள். நாடித்துடிப்பும் நல்லா எறங்கியிருக்கு, காலையில ஓட்டமா ஓடுச்சு, இப்போ செட்டில் ஆகுது என்று சொல்லிவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போனாள். செண்பகவல்லி அப்படியே இருந்தாள். அம்மா. வெட்கத்தை விட்டுச் சொன்னால், உடம்பெல்லாம் பால் சுரந்த மாதிரி இருந்தது. ஐந்து வருஷமாக ஏங்கின வார்த்தை, இந்த நாற்றத்திலும் ஒயரிலும் வந்து காதில் விழுகிறது. கனிஷ்கா அவளை அம்மா என்று கூப்பிட்டதே இல்லை. வீட்டில் மூன்று கொழுந்தன்மாரும் அண்ணி என்கிறார்கள், முத்துவேலும் தம்பிகளிடம் அண்ணிட்ட கேளு, அண்ணிட்ட வாங்கு என்றுதான் சொல்வான், பேசப் பழகும்போது காதில் விழுந்தது அதுதான், பிடித்துக்கொண்டாள். செண்பகவல்லி பிஸ்கட் கொடுத்துப் பழக்கிப் பார்த்தாள். கழுதை, பிஸ்கட்டை வாங்கும்வரை அம்மா என்று வாயைக் குவித்துச் சொல்லும், பாதி தின்றதும், அண்ணி இன்னொண்ணு என்று கையை நீட்டும். எல்.கே.ஜி.யில் சேர்க்கப் போனபோது பெரிய டீச்சர், இது யாரு என்று கேட்டார், அண்ணி என்றாள். டீச்சர் செண்பகவல்லியை மேலும் கீழும் ஒரு பார்வை பார்த்து, குழந்தையோட அம்மா வரலையா என்றார். முத்துவேலுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. அவளுக்கு அன்றைக்குச் சோறு இறங்கவில்லை. பெற்றவளை ஏதோ நடுவில் வந்தவள் மாதிரி ஊர் பார்க்கிறது. ஒருநாள் கூப்பிடுவாள், விவரம் வந்தால் கூப்பிடுவாள் என்று இருந்தாள். இன்றைக்குக் கூப்பிட்டுவிட்டாள். சாவு பக்கத்தில் வந்ததும் பெற்றவளைத் தெரிந்துவிட்டது பிள்ளைக்கு என்று நினைத்தாள், சாவு என்று நினைத்ததற்காக வாயில் அடித்துக்கொண்டாள்.

அம்மா. அதைத் திருப்பித் திருப்பிச் சொல்லிப் பார்த்தாள். மூன்றாவது தடவை அது இனிக்கவில்லை. வலித்தால் எல்லாரும்தான் அம்மா என்கிறார்கள், அந்தக் கடைசிக் கட்டில் பையன் கூட அம்மா அம்மா என்றுதான் முனகுகிறான், அவன் அம்மா எதிரில்தான் நிற்கிறாள். ஆனால் இவள் முனகவில்லை. கேட்ட கேள்விக்குப் பதில் சொன்னாள். யாரோ ஒரு பொம்பளை பக்கத்தில் உட்கார்ந்திருந்தால் அது அம்மாவாகத்தான் இருக்கும் என்று, படத்தைக் காட்டிக் கேட்டால் சொல்கிற மாதிரி சொன்னாள். அந்தக் கண் என் முகத்தில் நின்றதே, என்னையா பார்த்தது? கிறுக்கி, வந்த நல்லதைத் தள்ளாதே. சிஸ்டரே கரெக்ட் என்கிறாள். நாடி இறங்கியிருக்கிறது என்கிறாள், இறங்கினால் நல்லதுதானே, ஓடினால்தானே பயம். காலையில் ஒருமுறை மெஷின் கத்தியதும் தான் போட்ட கூப்பாட்டில் வார்டே திரும்பிப் பார்த்தது, வந்து பார்த்தால் விரலில் மாட்டின கிளிப் நழுவியிருந்தது. பிறகு கண் ஒரு மாதிரி போகிறது என்று கூப்பிட்டாள், அது கொட்டாவி. நீங்க பயந்து பிள்ளையையும் பயமுறுத்தாதீங்க என்று சிஸ்டர் சொல்லிவிட்டாள். இப்போது போய் என்னவென்று சொல்வது. பிள்ளை சரியான பதில் சொல்லிவிட்டாள், வந்து பாருங்கள் என்றா. பெற்ற பிள்ளை அம்மா என்று கூப்பிடாது என்று, முன்பின் தெரியாத இத்தனை பேர் நடுவில், நான் என் வாயால் சொல்ல வேண்டும். அந்த டீச்சரின் பார்வையை இங்கேயும் வாங்க வேண்டும். அதோடு, சொன்னால் என்ன செய்வார்கள், இன்னொரு ஊசி, இன்னொரு குழாய், தலையைத் திறப்பார்களோ என்னவோ. இரு, இன்னொரு தரம் கேட்டுப் பார்ப்போம். ஏ கனி, என்றாள், குனிந்து. ஏட்டி, தண்ணி வேணுமா. பிள்ளை கண்ணைத் திறக்கவில்லை. தண்ணி தரட்டுமா, செம்போட தாரேன். காலையிலிருந்து தண்ணீருக்காக உயிரை வாங்கினவள், அந்த வார்த்தையைக் கேட்டு இமையை அசைக்கவில்லை. தலை, என்றாள் பிள்ளை, பிறகு, அம்மா, என்றாள், கட்டிலுக்கு அந்தப் பக்கம் பாட்டில் தொங்கிய ஸ்டாண்டைப் பார்த்து. கட்டைவிரலைப் பிடித்திருந்த கை எப்போதோ தளர்ந்திருந்தது, அதை இப்போதுதான் கவனித்தாள். இவ்வளவு நேரம் இவள்தான் பிடித்துக்கொண்டிருந்திருக்கிறாள்.

எழுந்த வேகத்தில் ஸ்டூல் சுவரில் இடித்தது. சிஸ்டர் என்று கூப்பிட்டாள், மைக்செட் வீட்டில் வாக்கப்பட்டவளுக்கு அந்த நேரம் பார்த்துக் குரல் வரவில்லை. இரண்டாம் தடவை வார்டே கேட்டது. ஜெனிட்டா வந்தாள், பின்னாலேயே டாக்டர் வஹிதாவும் வந்தார். என்னம்மா ஆச்சு என்றார்கள்.

"என்னைய அம்மான்னு கூப்பிடுதா."

அதுக்கென்ன, அம்மாவைத்தானே கூப்பிடுறா என்றாள் சிஸ்டர்.

"எம்பிள்ள என்னைய அம்மான்னு கூப்பிடாது டாக்டர். பொறந்ததுலருந்து அண்ணின்னுதான் கூப்பிடும். தலைன்னு வேற சொல்லுதா. இது அவ இல்ல."

சொல்லி முடித்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டாள். யாரும் சிரிக்கவில்லை. டாக்டர் வஹிதா அவளைப் பார்க்கக்கூட இல்லை, பிள்ளையிடம் குனிந்து, கனிஷ்கா, நாக்கை நீட்டு என்றார், மறுபடியும் சத்தமாகச் சொன்னார், நெஞ்செலும்பில் விரலால் அழுத்தினார். மானிட்டரைப் பார்த்தார். நாடி இறங்குது, பிரஷர் ஏறுது, தலைவலியும் சொல்லியிருக்கா, இது செட்டில் ஆகுறது இல்ல சிஸ்டர் என்றார். அதன்பிறகு நடந்ததெல்லாம் கைகள்தான். கட்டிலின் தலைமாட்டை உயர்த்தினார்கள், சொட்டைக் குறைத்தார்கள், எங்கிருந்தோ ஒரு பாட்டில் வந்து தொங்கியது. ஸ்கேனுக்குக் காத்திருக்க வேண்டாம், மருந்து முதல்ல போகட்டும் என்று டாக்டர் சொன்னது கேட்டது. செண்பகவல்லியை யாரும் வெளியே போகச் சொல்லவில்லை, போகவும் வழியில்லை, சுவரோடு ஒட்டிக்கொண்டு நின்றாள். கட்டில் நகர்ந்ததில் அவளுக்கு இருந்த இடம் இன்னும் குறுகிவிட்டது.

அவ்வளவுக்கும் பிறகு சும்மா நிற்பதுதான் மிச்சம். மருந்து போய் வீக்கம் வடிய வேண்டும், வடிந்தால் முழிப்பாள், பொறுங்க என்றார்கள். அவள் பொறுத்தாள். எந்தச் சாமியிடம் என்ன கேட்பது என்று பார்த்தால், கேட்க வேண்டியது வேடிக்கையாக இருந்தது. தாயே, எம்பிள்ள என்னைய அம்மான்னு கூப்பிடக் கூடாது. இந்த வேண்டுதலை எந்தப் பெற்றவள் எந்தக் கோவிலில் வைத்திருப்பாள். கல்யாணமாகி அந்த வீட்டுக்குள் போனபோது இசக்கிராஜ் பள்ளிக்கூடச் சட்டையில் பொத்தான் இல்லாமல் நின்றது ஞாபகம் வந்தது. தாய் இல்லாத வீடு. பசித்தால் அண்ணி, காய்ச்சல் வந்தால் அண்ணி, பரீட்சையில் தோற்றால் அப்பாவிடம் சொல்லாதீங்க அண்ணி. மூன்று தடிமாடுகளும் அவள் கையால்தான் ஆளானார்கள். அந்த வீட்டில் யாருக்கு வலித்தாலும் வாயில் வருகிற பேர் அதுதான், பிள்ளை அதைத்தானே பிடித்துக்கொண்டது, வேறு எதைப் பிடிக்கும். இது தெரியாமல் பிஸ்கட் வாங்கிச் செலவழித்தேனே. சின்ன வயசு, முதல் தடவை, லேட்டு, இன்னும் சுற்றிக்கொண்டுதான் இருந்தது. சொன்னதும் லேட்டோ, இனிக்க இனிக்க வைத்துக்கொண்டு இருந்தேனே அந்த நேரத்தில் எவ்வளவு ஊறியதோ. ஒன்றுக்குப் போகவேண்டும் என்பது மறந்தே போயிருந்தது. ஜெனிட்டா சிஸ்டர் டியூட்டி முடிந்து போகும்போது பக்கத்தில் வந்து அவள் தோளை ஒருமுறை அழுத்திவிட்டுப் போனாள்.

விளக்குப் போடுகிற நேரத்தில் அடுத்த ஷிப்ட்டுக்குக் கோமதி என்று ஒரு புதுப் பெண் வந்தாள். கைமாற்றும்போது மருந்து, சொட்டு, ரத்தக் கணக்கெல்லாம் சொல்லியிருப்பார்கள், இதைச் சொல்லவில்லைபோல. நாடி மறுபடியும் கொஞ்சம் ஏறியிருந்தது, நல்லதுதான் என்று டாக்டர் சொல்லிவிட்டுப் போயிருந்தார். எது ஏறினால் நல்லது எது இறங்கினால் நல்லது என்று கேட்பதை செண்பகவல்லி விட்டுவிட்டாள். கோமதி விரலில் குத்தினாள். கனிஷ்கா வெடுக்கென்று கையை இழுத்துக்கொண்டு முறைத்தாள். பேர் கேட்டதற்குச் சொன்னாள், சலிப்போடு சொன்னாள். செண்பகவல்லி இரண்டு கையாலும் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டாள். சரி, இது யாரு, சொல்லு பாப்போம் என்றாள் கோமதி.

பிள்ளை திரும்பிப் பார்த்தாள். காய்ந்த உதட்டை நாக்கால் தடவினாள்.

"அண்ணி," என்றாள். "தண்ணி."

கோமதியின் பேனா நின்றுவிட்டது. முகம் மாறியது, ஐயோ, அம்மாவை மாத்திச் சொல்லுதே என்று டாக்டரைக் கூப்பிடத் திரும்பினாள். செண்பகவல்லி எட்டி அவள் கையைப் பிடித்தாள், சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்ததில் பேச்சு உடனே வரவில்லை.

"சரியாத்தான் சொல்லுதா சிஸ்டர்," என்றாள். "அப்படியே எழுதிக்கோங்க."

பிறகு பஞ்சைத் தண்ணீரில் நனைத்துப் பிள்ளையின் உதட்டில் ஒற்றினாள். அது போதாது என்று கனிஷ்கா அவளை வைய ஆரம்பித்தாள்.